பேசாத பலூனும் பெரியவனின் குரலும்: இரு பிரெஞ்சுக் குறும்படங்களும் நம் தமிழும்

முன்னுரை

சிறுவர்கள் பெரியவர்களாகும் கதையைச் சொல்லாத மொழி உலகில் இல்லை. கதை, கவிதை, நாடகம் என எல்லா வடிவங்களிலும் அது சொல்லப்பட்டிருக்கிறது. குறும்படம் என்னும் சிறிய வடிவத்தில் இக்கருப்பொருளைச் சிறப்பாகக் கையாண்டவர்களுள் பிரெஞ்சு இயக்குநர்கள் முன்வரிசையில் நிற்கிறார்கள். அல்பேர் லமொரிஸ் இயக்கி 1956இல் வெளிவந்த ‘சிவப்பு பலூன்’, பிரான்சுவா த்ருஃபோ 1957இல் படமாக்கிய ‘லே மிஸ்தோன்’ ஆகிய இரண்டும் இதற்குச் சான்றுகள்.

இவ்விரு படங்களையும் ஒப்பிட்டு, வளரும் பருவத்தைத் திரையில் சொல்ல இரண்டு வழிகள் இருப்பதை விளக்குவது இக்கட்டுரையின் முதல் நோக்கம். அவற்றுள் இரண்டாவது வழி சிங்கப்பூர்த் தமிழ் மாணவர்களாகிய நமக்கு ஏன் கடினமாக இருக்கிறது என்பதை ஆராய்வது அடுத்த நோக்கம். நம்மில் பலர் கைப்பேசியிலேயே படம் பிடித்து, தொகுத்து, குறும்படம் எடுத்துவிடுகிறோம். கருவி ஒரு தடையாக இருந்த காலம் போய்விட்டது. ஆனால் நம் பிள்ளைப் பருவத்தை நாம் எந்த மொழியில் சொல்லப்போகிறோம் என்ற கேள்வி மட்டும் அப்படியே நிற்கிறது.

1. சிவப்பு பலூன்: பேச்சில்லாக் கதை

கதை மிக எளியது. பள்ளிக்குச் செல்லும் வழியில் பாஸ்கல் என்னும் சிறுவன், விளக்குக் கம்பத்தில் மாட்டிக்கொண்டிருக்கும் ஒரு பெரிய சிவப்பு பலூனைக் காண்கிறான். ஏறி எடுத்துக்கொள்கிறான். பலூனோடு பேருந்தில் ஏற அனுமதி இல்லை. ஆகவே ஓடியே பள்ளிக்குச் செல்கிறான். மழை வந்தால் வழிப்போக்கர்களின் குடைக்குள் பலூனை நனையாமல் கொண்டுசெல்கிறான். வீட்டில் உள்ள பெரியவர் அதை ஜன்னல் வழியே வெளியே தள்ளிவிடுகிறார். பலூனோ பறந்து போகாமல் ஜன்னலுக்கு வெளியே காத்திருக்கிறது! அன்று முதல் அது நாய்க்குட்டி போல அவனைப் பின்தொடர்கிறது. இறுதியில் தெருப் பையன்கள் கூட்டமாகத் துரத்தி வந்து, கவண்கல்லால் அடித்து அதை அழிக்கிறார்கள். அப்போது பாரிஸ் நகரின் பலூன்கள் எல்லாம் ஒன்றுகூடி வந்து, அழும் சிறுவனை வானத்தில் தூக்கிச் செல்கின்றன.

ஏறக்குறைய 34 நிமிடம் ஓடும் இப்படத்தில் உரையாடல் மிகமிகக் குறைவு. அப்படியிருந்தும் சிறந்த மூலத் திரைக்கதைக்கான ஆஸ்கார் விருது இதற்குக் கிடைத்தது. 1956ஆம் ஆண்டு கான் திரைப்பட விழாவில் சிறந்த குறும்படத்துக்கான தங்கப் பனை விருதையும் இது வென்றிருந்தது. திரைக்கதை என்றால் வசனம் என்று எண்ணுவோர் இந்த ஆஸ்கார் விருதைச் சற்று நினைத்துப் பார்க்கலாம்.

படத்தின் வலிமை எங்கிருந்து வருகிறது? ஆந்த்ரே பசேன் என்னும் பிரெஞ்சு விமர்சகர் இதற்கு ஒரு விளக்கம் தந்தார். பலூன் சிறுவனைப் பின்தொடர்வது தந்திரக் காட்சிதான். ஆனால் அந்தத் தந்திரம் படத்தொகுப்பில் செய்யப்பட்டதன்று. சிறுவனும் பலூனும் ஒரே சட்டகத்துக்குள் சேர்ந்தே இருக்கிறார்கள். பலூன் திரும்புகிறது, நிற்கிறது, ஒளிந்துகொள்கிறது. எல்லாம் நம் கண்முன்னே நடக்கின்றன. முதலில் சிறுவனை மட்டும் காட்டி, பிறகு பலூனை மட்டும் காட்டி ஒட்டியிருந்தால் நாம் நம்பியிருக்க மாட்டோம். உறவைக் காட்ட வேண்டுமானால் உறவுடைய இருவரையும் ஒன்றாகக் காட்ட வேண்டும் என்பது இதில் நாம் கற்கும் முதல் பாடம்.

இரண்டாவது பாடம் இடத்தைப் பற்றியது. படம் எடுக்கப்பட்ட மெனில்மோந்தான் வட்டாரம் பாரிஸின் பழைய, ஏழ்மையான மேட்டுநிலப் பகுதி. சாம்பல் நிறச் சுவர்கள், படிக்கட்டுகள், குறுகிய சந்துகள். அந்தச் சாம்பல் நிறத்தின் நடுவே பலூனின் சிவப்பு மட்டும் எரிகிறது. பின்னாளில் அவ்வட்டாரத்தின் பெரும்பகுதி இடிக்கப்பட்டுப் புதிய கட்டடங்கள் எழுந்தன. பாஸ்கல் ஓடிய சந்துகள் பலவற்றை இன்று படத்தில்தான் காண முடியும். நம் குட்டி இந்தியா 1989இல் பாதுகாக்கப்பட்ட வட்டாரமாக அறிவிக்கப்பட்டதால் சிராங்கூன் சாலையின் பழைய கடைவீடுகள் நிற்கின்றன. ஆனால் நம் தாத்தா பாட்டிமார் வளர்ந்த கம்பங்களும், செம்பவாங் கடற்படைத் தளத்துக் குடியிருப்புகளும் போய்விட்டன. அவற்றில் ஓடிய பிள்ளைகளை யாரேனும் இப்படிப் படம் பிடித்து வைத்திருக்கக் கூடாதா என்ற ஏக்கம் ‘சிவப்பு பலூ’னைப் பார்க்கும் ஒவ்வொரு சிங்கப்பூரருக்கும் எழும்.

2. லே மிஸ்தோன்: பெரியவனின் குரல்

‘சிவப்பு பலூ’னை எல்லாரும் பாராட்டவில்லை. அப்போது இளம் விமர்சகராக இருந்த த்ருஃபோ அதைக் கடுமையாகச் சாடினார். பொருளுக்கு மனித உணர்ச்சியை ஏற்றுவது அவருக்குப் பொய்யாகத் தோன்றியது. அவர் விமர்சனத்தோடு நின்றுவிடவில்லை. மறு ஆண்டே, தம் 25ஆம் வயதில், பிள்ளைகளைப் பற்றித் தாமே ஒரு குறும்படம் எடுத்தார். அதுதான் ‘லே மிஸ்தோன்’. வாலுப் பையன்கள் என்று அத்தலைப்பைத் தமிழாக்கலாம். மொரிஸ் போன்ஸ் எழுதிய சிறுகதை ஒன்றைத் தழுவியது இப்படம்.

பிரான்சின் தெற்கே நீம் நகரில், ஒரு கோடைக்காலம். பெர்னாதெத் என்னும் இளம்பெண் மிதிவண்டியில் வருகிறாள். ஐந்து சிறுவர்களுக்கு அவள்மீது ஓர் ஈர்ப்பு. அது என்னவென்று அவர்களுக்கே தெரியாது. பெயர் தெரியாத உணர்ச்சி கோபமாக மாறுகிறது. அவளும் அவளுடைய காதலன் ஜெராரும் எங்கு சென்றாலும் பின்தொடர்ந்து கேலி செய்கிறார்கள். டென்னிஸ் மைதானம், பழைய ரோமானிய அரங்கம், திரையரங்கம் என ஓர் இடத்தையும் விடுவதில்லை. ஜெரார் சில காலம் ஊரை விட்டுப் போகிறான். அவன் திரும்பியதும் திருமணம். அந்த நேரத்தில் பையன்கள் பெர்னாதெத்துக்குக் கேலியான அஞ்சலட்டை ஒன்றை அனுப்புகிறார்கள். ஆனால் ஜெரார் திரும்பவில்லை. மலையேற்ற விபத்தில் இறந்துவிடுகிறான். கோடை முடிந்த பிறகு ஒருநாள், கறுப்பு உடையில் பெர்னாதெத் தெருவில் நடந்து போகிறாள். பையன்களைக் கடந்து செல்கிறாள். அவ்வளவுதான்.

இப்படத்தில் பையன்கள் அழுவதில்லை, மன்னிப்புக் கேட்பதில்லை, பாடம் கற்றுக்கொண்டதாகக் கூறுவதுமில்லை. ஆனால் படம் முழுவதும் ஒரு குரல் ஒலிக்கிறது. ஐவரில் ஒருவன் வளர்ந்து பெரியவனான பின் பேசும் குரல் அது. அன்று தங்களுக்கு என்ன நேர்ந்தது என்பதை அவன் இப்போது சொல்கிறான். அன்று சிறுவனிடம் உணர்ச்சி இருந்தது, சொல் இல்லை. இன்று பெரியவனிடம் சொல் இருக்கிறது. உணர்ச்சிக்கும் சொல்லுக்கும் இடையே கடந்துபோன அந்தக் காலத்தைத்தான் நாம் ‘வளர்தல்’ என்கிறோம்.

இங்கே ஒரு மொழி நுட்பத்தையும் கவனிக்க வேண்டும். அக்குரல் ஒருமையில் பேசுவதைவிடப் பன்மையிலேயே மிகுதியாகப் பேசுகிறது. பிரெஞ்சில் அதற்கு ஒரே சொல்தான் உண்டு. தமிழிலோ ‘நாம்’ என்றும் ‘நாங்கள்’ என்றும் இரண்டு. ‘நாங்கள் அவளைத் துரத்தினோம்’ என்றால் கேட்பவர் வெளியே நிற்கிறார். குற்றம் அந்த ஐவருடையது. ‘நாம் துரத்தினோம்’ என்றால் கேட்பவரும் உடந்தை. இந்தக் கதையைத் தமிழில் சொல்பவன் முதல் வாக்கியத்திலேயே ஒரு முடிவு எடுத்தாக வேண்டும். பிரெஞ்சு மொழி கேட்காத ஒரு கேள்வியைத் தமிழ் அவனிடம் கேட்கிறது.

3. தமிழில் இக்குரல்

திரும்பிப் பார்க்கும் இக்குரல் தமிழுக்குப் புதியதன்று. பிள்ளைத்தமிழ் இலக்கியம் குழந்தையின் வளர்ச்சியைக் காப்பு முதலாகப் பத்துப் பருவங்களாக வகுத்துப் பாடுகிறது. ஆனால் அது குழந்தையைப் பார்த்துப் பெரியவர் பாடுவது. தன் பிள்ளைப் பருவத்தைத் தானே நினைத்துப் பாடும் குரலைப் புறநானூற்றின் 243ஆம் பாடலில் கேட்கிறோம்.

அதைப் பாடியவர் தொடித்தலை விழுத்தண்டினார். முதுமையில் ஊன்றும் கோலைக் குறிக்க அவர் பாடலில் ஆண்ட சொற்றொடரே அவர் பெயராகிவிட்டது. மணலில் பாவை செய்து பூச்சூட்டியது, பெண்களோடு கைகோத்துக் குளத்தில் ஆடியது, நீரை ஒட்டித் தாழ்ந்த மருத மரக் கிளையில் ஏறி, கரையில் நின்றவர்கள் வியக்க ஆழமான மடுவில் குதித்து அடிமணலை அள்ளி வந்து காட்டியது ஆகியவற்றை அவர் நினைத்துப் பார்க்கிறார். இன்றோ கையில் கோல். இருமலுக்கு இடையே வரும் சில சொற்கள். குளத்தில் குதித்த சிறுவன் ‘இளமை’ என்ற சொல்லைப் பற்றி எண்ணியிருக்க மாட்டான். அந்தச் சொல் கோல் ஊன்றிய கிழவருக்கே தேவைப்படுகிறது. ‘லே மிஸ்தோன்’ படத்தில் ஒலிக்கும் குரல் ஏறத்தாழ இரண்டாயிரம் ஆண்டுகளுக்கு முன்னரே தமிழில் ஒலித்திருக்கிறது.

தமிழ்த் திரையிலும் இதற்குச் சான்று உண்டு. பாலுமகேந்திரா இயக்கி 1979இல் வெளிவந்த ‘அழியாத கோலங்கள்’ மூன்று சிறுவர்களின் கதை. ஊருக்கு வரும் ஆசிரியை ஒருவர் மீது அவர்களுக்கு ஏற்படும் ஈர்ப்பும், மூவரில் ஒருவனின் மரணமும் அப்படத்தின் மையம். வளர்ந்துவிட்ட ஒருவன் நினைவுகூர்வதாகவே கதை தொடங்குகிறது. மட்டக்களப்பில் பிறந்த பாலுமகேந்திரா தம் இளமை நினைவுகளையும் அதில் கலந்திருந்தார். இலங்கையில் கழிந்த பிள்ளைப் பருவம் தமிழகத்துக் கிராமம் ஒன்றில் மறுபிறவி எடுத்தது. ஊர் மாறினாலும் மொழி மாறாததால் அது முடிந்தது எனலாம்.

4. சிங்கப்பூரில் நாம்

இனி நம் நிலைக்கு வருவோம். சிங்கப்பூரில் தமிழ்க் குறும்படத்துக்கு வரலாறு உண்டு. கே. ராஜகோபால் 1995, 1996, 1997 ஆகிய மூன்று ஆண்டுகளிலும் தொடர்ந்து சிங்கப்பூர் அனைத்துலகத் திரைப்பட விழாவில் தம் குறும்படங்களுக்காக நடுவர் சிறப்புப் பரிசு பெற்றார். அவருடைய முழுநீளப் படமான ‘எ யெல்லோ பேர்ட்’ 2016இல் கான் விழாவின் விமர்சகர் வாரத்தில் திரையிடப்பட்டது.

வளரும் பருவத்தைப் பொறுத்தவரை நாம் முதலில் நினைக்க வேண்டிய படம் எரிக் கூ இயக்கிய ‘மை மேஜிக்’. 2008இல் கான் விழாவின் தலைமைப் போட்டிப் பிரிவில் இடம்பெற்ற முதல் சிங்கப்பூர்ப் படம் இது. அதில் பெரும்பாலும் பேசப்பட்ட மொழி தமிழ்! குடிக்கு அடிமையான முன்னாள் மந்திர வித்தைக்காரர் ஒருவர், தம் பத்து வயது மகனின் அன்பை மீட்கத் தம் உடலையே வருத்தும் வித்தைகளில் இறங்குகிறார். தந்தையாக நடித்த பிரான்சிஸ் போஸ்கோ உண்மையிலேயே மந்திர வித்தைக்காரர்.

இயக்குநருக்குத் தமிழ் தெரியாது. ஆனாலும் படம் நம்மைத் தொடுகிறது. ஏன்? தந்தையும் மகனும் ஒரே சட்டகத்தில் இருக்கிறார்கள்; உடல்கள் பேசுகின்றன; சொற்கள் சில. அதாவது ‘மை மேஜிக்’ முதல் வழியில், ‘சிவப்பு பலூ’னின் வழியில், செல்லும் படம். அந்த வழியில் வேறு மொழிக்காரரும் நம் கதையைச் சொல்ல முடியும். அது அவ்வழியின் சிறப்பு. ஆனால் இரண்டாவது வழி அப்படியன்று. அந்தப் பையன் வளர்ந்து, முப்பது வயதில், தன் தந்தையைப் பற்றித் தமிழில் பேசும் குரலை வெளியிலிருந்து யாரும் எழுதித் தர முடியாது. அதை எழுத வேண்டியவர்கள் நாம்.

நம்மால் முடியுமா என்பதே கேள்வி. தமிழை முதன்மைப் பயிற்று மொழியாகக் கொண்ட உமறுப்புலவர் தமிழ் உயர்நிலைப்பள்ளி 1982இல் மூடப்பட்டது. அதன்பின் வந்த தலைமுறைகளுக்குத் தமிழ் ஒரு பாடம். மக்கள்தொகைக் கணக்கெடுப்பின்படி, ஐந்து வயதுக்கு மேற்பட்ட சிங்கப்பூர்வாசிகளுள் வீட்டில் ஆக அதிகமாகத் தமிழ் பேசுவோரின் விகிதம் 2010இல் 3.3 விழுக்காடு, 2020இல் 2.5 விழுக்காடு. அதே பத்தாண்டுகளில் ஆங்கிலம் 32.3 விழுக்காட்டிலிருந்து 48.3 விழுக்காட்டுக்கு உயர்ந்தது. இவ்வெண்கள் நமக்குப் புதியவை அல்ல. ஆனால் இவை சொல்லாத ஒன்று உண்டு.

வீட்டில் தமிழ் பேசும் நம்மில் பலருக்கும், நம்முடைய தமிழ் நம்மோடு சேர்ந்து வளரவில்லை. அம்மாவிடம் பசிக்கிறது என்று சொல்லத் தெரியும். தாத்தாவிடம் உடல்நலம் விசாரிக்கத் தெரியும். பொறாமை, குற்றவுணர்வு, முதல் காதல், நண்பனின் மரணம் என்று வரும்போது ஆங்கிலத்துக்குத் தாவிவிடுகிறோம். நமக்கு இருபது வயது ஆகும்போது நம் தமிழுக்குப் பன்னிரண்டு வயதுதான் ஆகியிருக்கிறது. பள்ளியில் கற்ற எழுத்துத் தமிழோ வேறு திசையில் செல்கிறது. ‘என்னால் மறக்க முடியாத நாள்’ என்று கட்டுரை எழுதாதவர் நம்மில் யார்? கதிரவனின் பொற்கதிர்களில் தொடங்கி, நடுவில் ஒரு விபத்து நிகழ்ந்து, மருத்துவ வண்டி விரைந்து வந்து, ஒரு நீதிமொழியுடன் முடியும் அந்தக் கட்டுரையில் எல்லாம் இருந்தன, நாம்தான் இல்லை. மதிப்பெண் கிடைத்தது, அந்த நாள் மட்டும் உண்மையிலேயே மறந்துபோனது.

மாணவர் குறும்படங்களில் இதன் விளைவைக் காணலாம். பாத்திரங்கள் ஆங்கிலத்தில் எண்ணிய வசனத்தைத் தமிழில் பேசுவார்கள். அல்லது சென்னைத் திரைப்படத்தில் கேட்ட வசனத்தைத் தோ பாயோ புளோக்கின் கீழ்த்தளத்தில் நின்றுகொண்டு பேசுவார்கள். நாம் நாள்தோறும் புழங்கும் சொற்களுக்குத் திரையில் இடமிருக்காது. பசியாறுவது, கோப்பிக்கடை, புளோக், தேக்கா, பத்து வெள்ளி நோட்டு என்று நம் பிள்ளைப் பருவத்தோடு ஒட்டியிருக்கும் சொற்கள் எத்தனை! இவை தமிழகத்தாருக்கு உடனே விளங்காமல் போகலாம். நீம் நகரத்துப் பையன்களின் பேச்சும் பாரிஸ் நகரத்தாருக்குச் சற்று அயலாகத்தான் ஒலித்திருக்கும். அதனால் படம் குறைந்துவிடவில்லை.

5. செய்து பார்ப்போம்

இரு வழிகளையும் இணைத்து, மூன்று நிமிடக் குறும்படம் ஒன்றுக்கான பயிற்சியை இங்குத் தருகிறோம். மொழிப் பட்டறைகளிலும் இதனைப் பயன்படுத்தலாம்.

முதலாவதாக, ஓர் இடத்தைத் தேர்ந்தெடுங்கள். பஃப்ளோ சாலையின் பூக்கடை, தேக்கா நிலையத்தின் ஈரச்சந்தை, ஃபேரர் பார்க் திடல், உங்கள் புளோக்கின் மின்தூக்கி வாசல் என எதுவாயினும் சரி. சிறுவயதில் நீங்கள் உண்மையில் நின்ற இடமாக இருத்தல் நன்று. அவ்விடம் இன்னும் இருந்தால் உடனே படம் பிடியுங்கள்.

இரண்டாவதாக, ஒரு சிறுவனையோ சிறுமியையோ ஒரு பொருளையோ ஒரே சட்டகத்தில் வையுங்கள். ஒரு நிமிடத்துக்கு யாரும் பேசக் கூடாது. காட்சி தானே நிற்கிறதா என்று பாருங்கள். நிற்கவில்லை என்றால் வசனம் அதைக் காப்பாற்றாது.

மூன்றாவதாக, படத்தை எடுத்து முடித்த பின்னரே குரலை எழுதுங்கள். பத்து வாக்கியம் போதும். திரையில் தெரிவதைக் குரல் திரும்பச் சொல்லக் கூடாது. அன்று உங்களுக்குப் பெயர் தெரியாதிருந்த ஓர் உணர்ச்சியை இன்று தமிழில் பெயரிட்டுச் சொல்ல வேண்டும். ஆங்கிலத்தில் எழுதி மொழிபெயர்க்க வேண்டாம். சொல் கிடைக்காவிட்டால் அம்மாவிடமோ பாட்டியிடமோ கேளுங்கள். அல்லது அந்த உணர்ச்சி உடலில் எங்கே தெரிந்தது என்று எழுதுங்கள். தொண்டை அடைத்ததா, முகம் சுட்டதா, கால் ஓடாமல் நின்றதா? தமிழ் இவற்றுக்கு வற்றாத மொழி.

நான்காவதாக, ‘நாம்’ என்பதா ‘நாங்கள்’ என்பதா என்று முடிவு செய்யுங்கள். அந்த முடிவிலேயே உங்கள் கதையின் பாதி அடங்கியிருக்கும்.

கலந்துரையாடலுக்குச் சில வினாக்கள்:
‘சிவப்பு பலூன்’ படத்துக்குப் பெரியவனின் பின்னணிக் குரல் சேர்த்தால் அது பெறுவது என்ன, இழப்பது என்ன?
‘லே மிஸ்தோன்’ படத்தின் கதையைப் பெர்னாதெத் தானே சொன்னால், அந்த ஐந்து பையன்களைப் பற்றி அவள் என்ன சொல்வாள்?
சிங்கப்பூர்த் தமிழ்ச் சொல் ஒன்றை விளக்கமின்றித் திரையில் பயன்படுத்தினால், அயலூர்ப் பார்வையாளருக்குக் காட்சி எவ்வாறு உதவ முடியும்?

முடிவுரை

வளரும் பருவத்தைச் சொல்ல இரு வழிகள் உள்ளன என்று கண்டோம். பேச்சைக் குறைத்து இடத்தையும் உடலையும் பேசவிடுவது ஒன்று. வளர்ந்தவனின் குரலால் அன்றைய உணர்ச்சிக்குச் சொல் தருவது மற்றொன்று. முதல் வழிக்கு நல்ல கண் வேண்டும். இரண்டாம் வழிக்கு நம்மோடு வளர்ந்த மொழி வேண்டும்.

பாஸ்கலாக நடித்தவர் லமொரிஸின் சொந்த மகன். 1970இல் ஈரானில் படப்பிடிப்பின்போது ஹெலிகாப்டர் விபத்தில் லமொரிஸ் இறந்தார். அவர் விட்டுச்சென்ற அந்தப் படம் பின்னர், அவருடைய குறிப்புகளைக் கொண்டு, அவர் குடும்பத்தாரால் 1978இல் நிறைவு செய்யப்பட்டது. பலூனைப் பிடித்துக்கொண்டு ஓடிய பிள்ளையின் தலைமுறையே தந்தையின் வேலையை முடிக்க வேண்டியிருந்தது.

நம் தாத்தா பாட்டியரும் பெற்றோரும் தங்கள் பிள்ளைப் பருவத்தைத் தமிழில் சொல்லக்கூடியவர்கள். கேட்பதற்குத்தான் ஆள் வேண்டும். இந்த விடுமுறையில் ஒரு மாலைப்பொழுதை ஒதுக்கி, அவர்கள் எதிரே கைப்பேசியை வைத்துவிட்டு, “சின்ன வயசுல எங்கே விளையாடுவீங்க?” என்று கேட்டுப் பாருங்கள். அவர்களுடைய சொற்களை அப்படியே பதிவு செய்யுங்கள். நம் கதையைச் சொல்ல நமக்கு வேண்டிய சொற்களில் பல அங்கிருந்தே கிடைக்கும்.